கராஜ் பங்க் லேபிள்கள் எப்படித் தொடங்கின? யாழ்ப்பாணத்தில் எங்கள் குழுவும் அப்படி ஒன்று தொடங்கலாமா?

தாராளமாகத் தொடங்கலாம். கராஜ் பங்க் என்பது கரடுமுரடான, வேகமான ராக் இசை; அதைப் பதிந்து வெளியிடும் சிறு நிறுவனம்தான் லேபிள். அமெரிக்காவின் மெம்பிஸ் நகரில் உள்ள கோனர் றெக்கோர்ட்ஸ் என்ற லேபிளைப் பாருங்கள். ஒப்ளிவியன்ஸ் குழுவில் வாசித்த எரிக் ஃப்ரீடல் 1993இல் அதைத் தொடங்கினார். ஜப்பானின் கிற்றார் வூல்ஃப் குழுவின் பாடல்களை வெளியிடத்தான் அந்த லேபிளே பிறந்தது. ஒரு ரசிகனின் பிடிவாதம் என்றுதான் நான் அதைச் சொல்வேன். பிறகு உள்ளூர்ப் பையன் ஒருவன், தான் வீட்டில் பதிந்த கசெற்றை அவருக்கு அனுப்பினான். அவன்தான் பின்னாளில் பெயர் பெற்ற ஜே றீற்றார்ட். 2004இல் லேபிளுக்கு ஒரு இசைத்தட்டுக் கடையும் வந்தது. அப்புறம் ஆண்டுதோறும் ஒரு இசைவிழா.

இந்த இசைக்குப் பளபளப்பான ஸ்ரூடியோ தேவையில்லை, கரகரப்புத்தான் அதன் ருசி. அதனால் செலவு குறைவு. இப்படிப்பட்ட லேபிள்கள் பெரும்பாலும் ஏழு அங்குல இசைத்தட்டில் சில நூறு பிரதிகள் போட்டு, அது விற்ற காசில் அடுத்ததைப் போடும்.

தொண்ணூறுகளில் மின்சாரம் இல்லாமல் சைக்கிள் டைனமோவைச் சுற்றிப் பாட்டுக் கேட்ட ஊர் நம்முடையது. வசதி குறைவு என்று தயங்காதீர்கள். இசைத்தட்டு அச்சிடுவது இங்கிருந்து சிரமம். சரி, இணையத்தில் வெளியிடுங்கள். உங்கள் பாட்டோடு நிற்காமல், உங்களுக்குப் பிடித்த இன்னொரு குழுவின் பாட்டையும் கேட்டு வாங்கிப் போடுங்கள்.