கைதை வைத்தேன், பூவைக் காணோம்

கேள்வி: குமரி மாவட்டம் மண்டைக்காடு பக்கம், கடற்கரையிலிருந்து கொஞ்சம் தள்ளி எங்கள் விளை (தோட்டம்) இருக்கிறது. வேலிக்காக ஏ.வி.எம். சானல் என்கிற கால்வாய்க் கரையிலிருந்து ஒரு கைதைக் கன்றை, அதாவது தாழங்கன்றை, கொண்டுவந்து நட்டு ஆறு வருஷம் ஆகிறது. ஆள் உயரத்துக்கு மேல் வளர்ந்தும் தாழம்பூ மட்டும் வரவில்லை. அன்னாசி மாதிரி காய்தான் தொங்குகிறது. மூட்டில் (செடியின் அடியில்) உப்பு போடு, மோர் ஊற்று என்று ஆளுக்கொன்று சொல்கிறார்கள். என்ன செய்யலாம்?

பதில்: உப்பும் வேண்டாம், மோரும் வேண்டாம். உங்கள் கைதைக்கு ஒரு குறையும் இல்லை. அது பெண் செடி, அவ்வளவுதான்.

பனையைப் போலத் தாழையிலும் ஆண் வேறு, பெண் வேறு. நாம் தாழம்பூ என்று ஜடையில் வைப்பது ஆண் செடியின் பூங்கொத்தை மூடியிருக்கும் மடலைத்தான். நல்ல மடலைப் பிரித்துப் பார்த்தால் உள்ளே கதிர் கதிராக நிற்கும், விரலில் மாவு மாதிரி ஒட்டும். அது மகரந்தம். பெண் செடியும் பூக்கிறது. ஆனால் அந்த மணம் கிடையாது. பூத்தது தெரிவதற்குள் காயாகிவிடும். நம்மூரில் அன்னாசிக்குக் கைதச்சக்கை என்று பேர் வந்ததே இந்தக் காயின் சாயலால்தான். அன்னாசி போர்த்துகீசியரோடு வந்து சேர்ந்தது. கைதையோ சங்க நூலான குறிஞ்சிப்பாட்டின் பூ வரிசையிலேயே இருக்கிறது.

ஒடிசாவின் கஞ்சம் மாவட்டத்தில் தாழம்பூவிலிருந்து அத்தர் வடிப்பது பெரிய தொழில். அங்கேயும் அடுப்பேறுவது ஆண் பூ மட்டும்தான். எந்த உரம் போட்டாலும் பெண் செடி ஆணாகாது.

அதனால் பூ வேண்டுமென்றால் இன்னொரு செடி வைக்க வேண்டியதுதான். இந்தத் தடவை கன்றைப் பார்த்து எடுக்காதீர்கள், பூவைப் பார்த்து எடுங்கள். மழைக்காலத்தில் எந்தப் புதரில் மணக்கிறதோ அதில் ஒரு துணியைக் கட்டி அடையாளம் வைத்துக்கொள்ளுங்கள். பிறகு அந்தச் செடியின் பக்கக் கிளையில், அடியில் விரல் நீளத்துக்கு விழுது கிளம்பிய கன்றாக ஒன்றை, இரண்டடி இருந்தால் போதும், உரியவரிடம் கேட்டுவிட்டு வெட்டுக்கத்தியால் வெட்டி எடுங்கள். தாய் ஆண் என்றால் கன்றும் ஆண்தான். விழுந்த காயை முளைக்க வைத்தால் அது எதுவென்று பூக்கும்வரை தெரியாது.

ஓலையைப் பாதிக்குப் பாதி கழித்துவிட்டு நடுங்கள். முள் ஓலையின் இரண்டு விளிம்பிலும் மட்டுமல்ல, அடிப்பக்க நடு நரம்பிலும் இருக்கும்; கையில் சாக்கைச் சுற்றிக்கொள்ளுங்கள். ஜூன் மழை தொடங்கியதும் நட்டால் நம் மாவட்டத்துக்கு ஐப்பசி மழையும் கிடைத்துவிடும், தண்ணீர் ஊற்றும் வேலை குறைவு. குழியில் கொஞ்சம் மக்கிய சாணம் போதும். மணலும் உப்புக் காற்றும் அதற்குப் பழக்கம்தான். மூட்டில் தண்ணீர் கட்டி நிற்காமல் பார்த்துக்கொள்ளுங்கள். பூக்க மூன்று நான்கு வருஷம் ஆகும். சுவரிலிருந்து பத்தடியாவது தள்ளி வையுங்கள், விழுது இறங்கி இடம் பிடித்துவிடும்.

அப்புறம், இருக்கும் பெண் செடியை வெட்டிவிடாதீர்கள். மணலைப் பிடித்து வைக்கவும் ஆடு மாடு நுழையாமல் தடுக்கவும் ஆண், பெண் வித்தியாசம் கிடையாது.

நீங்கள் கேட்கவில்லை, ஆனால் வீட்டில் யாராவது கேட்பார்கள்: பாம்பு வருமா? மணத்துக்கு வருவதில்லை. அடியில் காய்ந்த ஓலை குவிந்தால் எலியும் தவளையும் சேரும், அதைத் தேடி வரும். வருஷத்துக்கு ஒருமுறை காய்ந்த ஓலையை அரிந்து அடியை வெளிச்சமாக வையுங்கள். பூ வெட்டப் போகும்போது விடிந்த பிறகு, நீளக் கம்பில் அரிவாளைக் கட்டிக்கொண்டு போங்கள்.