எட்டு அங்குல ட்ரே எட்டு அங்குலம்தானா?

இந்த முறை வந்த கடிதங்களில் பாதி பிரவுனி பற்றியவை. பள்ளிக்கூட லீவு போலும்.

பிரவுனி செய்தால் ஓரம் கரியாகிறது, நடு கூழாகவே கிடக்கிறது. ஒவன் சின்னது, பெரிதாக ஒன்று எடுங்கள் என்கிறார் கடைக்காரர். எடுக்கலாமா?
– வாசகி, உவர்மலை

வேண்டாம். ஒவன் விற்பவர் வேறென்ன சொல்வார்? முதலில் பிள்ளையின் அடிமட்டத்தை எடுத்து உங்கள் ட்ரேயை அளந்து பாருங்கள்.

இது என் பழைய ஆத்திரம், பொறுத்துக்கொள்ளுங்கள். டவுனில் ஒரு கடையில் '8 அங்குலம்' என்று ஸ்டிக்கர் ஒட்டிய கறுப்பு நொன்ஸ்டிக் ட்ரே வாங்கினேன். மூன்று தடவை பிரவுனி கருகிய பிறகுதான் அளந்தேன். எட்டு அங்குலம் இருந்தது உண்மை, வெளியே மடிந்திருக்கும் விளிம்போடு சேர்த்து! உள்ளே அடிப்பக்கம் ஆறேமுக்கால். எட்டுக்கு எட்டு என்றால் 64 சதுர அங்குலம்; இந்த ட்ரேயின் அடியில் 46கூட இல்லை. ஒரு அங்குல உயரத்துக்குப் பரவ வேண்டிய கலவை கிட்டத்தட்ட ஒன்றரை அங்குலத்துக்கு ஏறி நிற்கும். சூடு ஓரத்திலிருந்துதான் உள்ளே போகிறது. நடு வேகும்வரை வைத்திருந்தால் ஓரம் கருகாமல் என்ன செய்யும்? கறுப்பு ட்ரே என்பதால் சூட்டை இன்னும் கூடுதலாக இழுக்கும். அடியை அளந்து விற்க இவர்களுக்கு என்ன கஷ்டம்?

வெள்ளை அலுமினிய ட்ரே ஒன்று எடுங்கள், கையால் வளைத்தால் வளையாத கனத்தில். கூடவே ஒவனுக்குள் தொங்கவிடும் சின்னத் தெர்மோமீட்டர் ஒன்று. என் ஒவனில் 180 என்று திருகினால் உள்ளே 210 காட்டுகிறது. முன்கூட்டியே ஒரு கால் மணித்தியாலம் சூடாக்கி, நடுத்தட்டில் வையுங்கள். சூடாகும் மேல் கம்பி கிட்ட இருந்தால் பாதி நேரத்துக்குப் பிறகு அலுமினிய ஃபொயிலால் மூடிவிடுங்கள். 25 நிமிடத்தில் ஈர்க்கால் குத்திப் பாருங்கள். ஈரத் தூள் ஒட்டி வந்தால் எடுத்துவிடலாம். ஈர்க்கு சுத்தமாக வரும்வரை காத்திருந்தால் உங்களுக்குக் கிடைப்பது பிரவுனி அல்ல, காய்ந்த கேக்.

செய்முறையில் 350 டிகிரி என்று இருக்கிறது. என் ஒவனில் 250 வரைதான் உண்டு. கடைசிவரை திருகி வைத்தேன், கருகிவிட்டது. ஒவனை மாற்றித் தருவார்களா?
– வாசகர், கிண்ணியா

அது ஃபாரன்ஹைட், உங்கள் ஒவனில் இருப்பது செல்சியஸ். உங்களுக்கு 175 போதும். ஒவன் மேல் ஒரு பிழையும் இல்லை.

குக்கிங் சொக்லேட் என்று கட்டி ஒன்று வாங்கினேன். பிரவுனி மெழுகு மாதிரி வாயில் ஒட்டுகிறது. ஏமாற்றிவிட்டார்களா?
– விடுதிச் சமையற்காரர், நிலாவெளி

பக்கெட்டைத் திருப்பிப் பாருங்கள். கொக்கோ பட்டருக்குப் பதில் தாவரக் கொழுப்பு என்று போட்டிருந்தால் அது கொம்பவுண்ட். கேக்குக்கு மேலே ஊற்ற நல்லது, நம்மூர் வெக்கையிலும் இறுகி நிற்கும். பிரவுனிக்கு அந்தக் காசில் நல்ல கொக்கோ பவுடரும் பட்டரும் வாங்கியிருக்கலாம்.

கேக் ஓடர் எடுத்துச் செய்கிறேன். கடன்பட்டுப் புது ஒவன் வாங்கினேன். மூன்றாம் கிழமையே மேல் கம்பி சூடாகவில்லை. 'கம்பிக்கு வாரன்டி இல்லை' என்கிறார்கள். பில் என்று தந்தது கடைப் பெயர்கூட இல்லாத துண்டு.
– ஒரு தாய், மூதூர்

அம்மா, இதில் உங்கள் பிழை எதுவும் இல்லை. 2003ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க நுகர்வோர் சட்டப்படி, கேட்டால் ஒழுங்கான பற்றுச்சீட்டுக் கொடுத்தே ஆகவேண்டும். திரும்பப் போய்க் கேளுங்கள், தனியே போகாமல் கூட ஒருவரை அழைத்துக்கொண்டு. கீழ்க்கம்பி சிவந்து மேல் கம்பி கறுப்பாகவே இருப்பதைப் போனில் படம் எடுத்து வையுங்கள். மசியாவிட்டால் நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபைக்கு எழுத்தில் முறையிடுங்கள்; வாங்கி மூன்று மாதத்துக்குள் கொடுக்க வேண்டும், தள்ளிப்போடாதீர்கள். 1977க்கு அழைத்தும் கேட்கலாம்.

அதுவரை ஓடரை விடவேண்டாம். பிரவுனிக்கு மேல் சூடு பெரிதாகத் தேவையில்லை. அடி கருகாமல் இருக்க ட்ரேக்குக் கீழே இன்னொரு வெறும் ட்ரே வையுங்கள்.

ஒன்லைனில் அழகான இதய வடிவ ட்ரே ஒன்று பார்த்து ஓடர் பண்ணினேன். உள்ளங்கை அளவில் வந்திருக்கிறது. அளவு 10 செ.மீ. என்று கீழே போட்டிருந்ததாம், நான் பார்க்கவில்லை.
– வாசகி, உப்புவெளி

படத்தைப் பார்த்து வாங்கினீர்கள், படத்தில் இருந்ததுதான் வந்திருக்கிறது. என்னிடமும் ஒரு இதயம் உண்டு, அடித்தட்டுக் கழலும் வகை. முதல் நாளே கலவை ஒழுகி, ஒவனுக்குள் புகைந்து, பக்கத்து வீட்டு அக்கா ஓடி வந்துவிட்டார். இப்போது அதில் சின்ன வெங்காயம் போட்டு வைத்திருக்கிறேன்.