நாலு வாய்ப்பு, பத்து கஜம்: இந்தக் கணக்கு எங்கிருந்து வந்தது?

கேள்வி: மகன் அமெரிக்காவில் படிக்கிறான். அவன் சொன்னதால் அமெரிக்கன் ஃபுட்பால் பார்க்க உட்கார்ந்தேன். அஞ்சாறு விநாடி ஓடுகிறார்கள், உடனே நின்றுவிடுகிறார்கள். ‘நாலு வாய்ப்பு, பத்து கஜம்’ என்கிறான் மகன். தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. எதைப் பிடித்துக்கொண்டு பார்ப்பது?

பதில்: அந்த நிறுத்தத்தையே பிடித்துக்கொள்ளுங்கள். ஆட்டமே அதிலிருந்துதான் பிறந்தது.

அமெரிக்கக் கல்லூரிகள் முதலில் ஆடியது ஏறக்குறைய ரக்பிதான். இரு அணியும் பந்தைச் சுற்றி முட்டிமோதும். அது யார் பக்கம் வெளியே வரும் என்று யாருக்கும் தெரியாது. 1880-ல் யேல் பல்கலைக்கழகத்து வால்டர் கேம்ப் இதை மாற்றினார். பந்து ஒரே அணியிடம் இருக்கும்; எதிரணி எதிரே வரிசைகட்டும்; பந்தைப் பின்னால் தள்ளியதும் ஆட்டம் தொடங்கும். அணிக்கு 15 பேர் என்பதும் 11 ஆனது. நின்று தொடங்குவதால் அடுத்து என்ன செய்வதென்று முன்கூட்டியே திட்டம் போட முடிந்தது.

ஆனால் பந்தை விட்டுக்கொடுக்கும் கட்டாயம் இல்லையே! 1881-ல் பிரின்ஸ்டன் முதல் பாதி முழுக்கப் பந்தை அமுக்கிக்கொண்டது. இரண்டாம் பாதியில் யேல் அதையே செய்தது. முடிவு 0-0. இதைக் காசு கொடுத்து யார் பார்ப்பார்கள்? அடுத்த ஆண்டே விதி வந்தது: மூன்று வாய்ப்பில் 5 கஜம் முன்னேறு, இல்லையென்றால் பந்தைக் கொடு. அதை அளக்கத்தான் மைதானத்தில் கோடுகள் போட்டார்கள்.

5 கஜம்தானே, கும்பலாகத் தள்ளியே எடுத்துவிடலாம் என்று அணிகள் கண்டுகொண்டன. 1892-ல் ஹார்வர்டு ஆப்பு வடிவில் ஓடிவந்து மோதியது. இரண்டே ஆண்டில் அதற்குத் தடை வந்தது. கும்பல் மோதல் மட்டும் ஓயவில்லை. 1905 பருவத்தில் பதினெட்டுப் பேருக்குக் குறையாமல் செத்ததாகச் செய்தி. அதிபர் தியோடர் ரூஸ்வெல்ட் ஹார்வர்டு, யேல், பிரின்ஸ்டன் ஆட்களை வெள்ளை மாளிகைக்கே கூப்பிட்டுப் பேசினார்.

1906-ல் தூரம் 10 கஜமானது. பந்தை முன்னோக்கி வீசவும் அனுமதி கிடைத்தது. அரைமனசு அனுமதிதான்: யார் கையும் படாமல் பந்து தரையில் விழுந்தால் எதிரணிக்குப் போய்விடும். பயிற்சியாளர்கள் தயங்கியதில் வியப்பில்லை. நாலாவது வாய்ப்பு 1912-ல் வந்தது; டச்டவுனுக்கு, அதாவது பந்தை எதிரணியின் கோல் கோட்டைத் தாண்டிக் கொண்டுபோவதற்கு, 6 புள்ளி என்பதும் அப்போதுதான்.

இனி பார்க்கும்போது மூன்றாவது வாய்ப்பை மட்டும் கவனியுங்கள். டிவியில் தெரியும் மஞ்சள் கோடுதான் எட்ட வேண்டிய இடம். 8 கஜம் பாக்கி என்றால் பெரும்பாலும் வீசுவார்கள். ஒரே கஜம் என்றால் முட்டித் தள்ளப் பார்ப்பார்கள். 1890-களின் ஆட்டம் அங்கே கொஞ்சம் எட்டிப்பார்க்கும்.