ரோமானியக் கடவுள்கள் கிரேக்கக் கடவுள்களின் மறுபெயர்கள்தானா?

“ஜீயஸ்தான் ஜூபிட்டர், ஏரிஸ்தான் மார்ஸ், அஃப்ரோடைட்டிதான் வீனஸ் என்று எல்லா இடங்களிலும் பட்டியல் போடுகிறார்களே; கிரேக்கத்தை வென்ற ரோமானியர்கள் அங்கிருந்த கடவுள்களை அப்படியே எடுத்துக்கொண்டு பெயரை மட்டும் மாற்றிவிட்டார்களா?” என்று கேட்டிருக்கிறீர்கள்.

இல்லை. ரோமானியர்களுக்கு அவர்களுக்கே உரிய கடவுள்கள் முன்பே இருந்தார்கள். கிரேக்கர்களிடமிருந்து அவர்கள் பெற்றவை பெரும்பாலும் கதைகளும் உருவங்களும்தான். சில வேளைகளில் சடங்கையும் பெற்றார்கள், மிகச் சில வேளைகளில் கடவுளையே அழைத்துவந்தார்கள். ஆனால் எந்த நாளில் விழா, யார் பூசாரி, எதைப் பலியிடுவது, ஊருக்குள் கோயிலா வெளியிலா என்பவற்றில் பெரும்பகுதி ரோமின் சொந்த வழக்கமாகவே நீடித்தது. ரோமானியர்களுக்குச் சமயம் என்பது முதன்மையாக இந்த இரண்டாவது பகுதிதான் என்பதால், பட்டியலில் உள்ள சமக்குறி பாதி உண்மையை மட்டுமே சொல்கிறது என்று நான் கருதுகிறேன்.

முதலில் காலத்தைச் சரிசெய்துகொள்ள வேண்டும். கொரிந்து நகரம் அழிக்கப்பட்டுக் கிரேக்கம் ரோமின் பிடிக்குள் வந்தது கி.மு. 146இல். ஆனால் கிரேக்கக் கடவுள்கள் ரோமானியர்களுக்கு அறிமுகமானது அதற்கு ஏறத்தாழ 400 ஆண்டுகளுக்கு முன்பே. ரோமின் பொதுமன்றத் திடலில் வல்கனுக்கு உரிய மிகப் பழைய திறந்தவெளி வழிபாட்டிடம் ஒன்று இருந்தது. அங்கே காணிக்கைப் பொருள்கள் புதைந்து கிடந்த குழியை அகழ்ந்தபோது, ஏதென்ஸ் பகுதியில் செய்யப்பட்ட கரும்பூச்சு ஓவியக் கலம் ஒன்றின் உடைந்த துண்டு கிடைத்தது. அதில் தீட்டப்பட்டிருந்தது ஹெஃபெஸ்டஸ் கழுதைமேல் ஏறி ஒலிம்பஸுக்குத் திரும்பும் காட்சி. கி.மு. 6ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த அந்தத் துண்டு, ரோமானிய நெருப்புக் கடவுளின் இடத்தில் கிரேக்க நெருப்புக் கடவுளின் படம் அக்காலத்திலேயே காணிக்கையாகியிருப்பதைக் காட்டுகிறது. இந்த விஷயத்தில் எனக்கு மிகவும் பிடித்த சான்று இதுதான். அதே நூற்றாண்டில், ரோமுக்குத் தெற்கே உள்ள லவீனியத்தில், காஸ்டர், போலக்ஸ் என்னும் கிரேக்கத் தெய்வ இரட்டையருக்குச் சிறு வெண்கலத் தகடு ஒன்றைப் படைத்திருக்கிறார்கள். எழுத்து லத்தீன், இரட்டையரைக் குறிக்கும் அடைமொழியோ கிரேக்கம். தென் இத்தாலியிலும் சிசிலியிலும் குடியேறியிருந்த கிரேக்கர்களும், ரோமுக்கு வடக்கே வாழ்ந்த எட்ரஸ்கர்களும் இந்தக் கொடுக்கல் வாங்கலுக்கு வழியாக இருந்தார்கள். ஆகவே போரில் வென்று அள்ளிவந்தது என்பதைவிட, அண்டை வீட்டாரோடு தலைமுறை தலைமுறையாகப் பழகி வந்தது என்பதே பொருத்தம்.

பட்டியலில் உள்ள ஒவ்வொரு இணையும் ஒவ்வொரு வழியில் உருவானது. ஜீயஸும் ஜூபிட்டரும் ஒருவரிடமிருந்து ஒருவர் பெற்ற கடவுள்கள் அல்லர். இருவரும் இந்தோ-ஐரோப்பிய மொழி பேசிய முன்னோர்களின் வானத் தந்தையிடமிருந்து தனித்தனியே வந்தவர்கள், வேதத்தில் வரும் த்யௌஸும் அந்த வழியில் வந்தவரே. ஆனால் கேபிடோல் குன்றில், கி.மு. 509இல் அர்ப்பணிக்கப்பட்டதாக மரபு சொல்லும் பெருங்கோயிலில், ஜூபிட்டர் ஜூனோவோடும் மினர்வாவோடும் சேர்ந்து மும்மூர்த்தியாக அமர்ந்திருந்தார். ஜீயஸ், ஹீரா, அதீனா மூவரையும் அப்படி ஒரே கோயிலில் நாட்டின் தலைமைத் தெய்வங்களாக வைப்பது கிரேக்க நகரங்களின் பொது வழக்கமன்று.

மிகப் பெரிய இடைவெளி இருப்பது மார்ஸுக்கும் ஏரிஸுக்கும் இடையில். இலியட் காவியத்தின் 5ஆம் பகுதியில், அதீனாவின் துணையோடு டயோமெடிஸ் என்னும் மனிதன் ஈட்டியால் குத்த, ஏரிஸ் ஆயிரக்கணக்கான வீரர்கள் ஒருசேரக் கூச்சலிட்டதைப் போல அலறிக்கொண்டு ஒலிம்பஸுக்கு ஓடி, தந்தை ஜீயஸிடம் முறையிடுகிறான். ஒலிம்பஸில் உள்ள கடவுள்களிலேயே எனக்கு மிகவும் வெறுப்பானவன் நீதான் என்று ஜீயஸ் முகத்துக்கு நேரே சொல்லிவிடுகிறார். கிரேக்கர்கள் ஏரிஸுக்குக் கட்டிய கோயில்களும் குறைவு.

இப்போது ரோமானிய மார்ஸைப் பாருங்கள். ரோம் நகரை நிறுவியதாகக் கதை சொல்லும் ரோமுலஸ், ரீமஸ் என்னும் இரட்டையரின் தந்தை என்பதால் ரோமானியக் குலத்துக்கே தந்தை அவர். பழைய ரோமானிய ஆண்டின் முதல் மாதமான மார்ச் அவருடையது. அந்த மாதத்தில் சாலி எனப்படும் பூசாரிகள் 8 என்ற எண்ணின் வடிவில் அமைந்த கேடயங்களை ஏந்தித் தெருக்களில் குதித்து ஆடுவார்கள்; அவர்கள் பாடிய துதிப்பாடல் மிகப் பழையது என்பதால், பிற்காலத்தில் பாடிய பூசாரிகளுக்கே அது சரியாக விளங்கவில்லை என்று ரோமானிய ஆசிரியர்களே எழுதியிருக்கிறார்கள். கி.மு. 2ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த கேட்டோ, வேளாண்மை பற்றிய தம் நூலில், நிலத்தைத் தூய்மைப்படுத்தும் சடங்கு ஒன்றை விளக்குகிறார். பன்றிக்குட்டி, ஆட்டுக்குட்டி, காளைக்கன்று ஆகிய மூன்றையும் வயலைச் சுற்றி ஓட்டிவந்து, “தந்தை மார்ஸே” என்று அழைத்து, கண்ணுக்குத் தெரியும் நோய்களையும் தெரியாத நோய்களையும் விலக்கு, மலட்டுத்தன்மையையும் அழிவையும் கெட்ட பருவநிலையையும் தடு, பயிரும் தானியமும் திராட்சையும் செழிக்கவிடு, மேய்ப்பர்களையும் மந்தையையும் காத்துக்கொள், எனக்கும் என் வீட்டுக்கும் நலம் தா என்று உழவர் வேண்டிக்கொள்ள வேண்டும். பலியில் ஏதேனும் குறை தென்பட்டால் அதற்குப் பரிகாரமாக மறுபடி பலியிடும்போது சொல்ல வேண்டிய வாசகத்தையும் கேட்டோ சொல் பிசகாமல் எழுதிவைத்திருக்கிறார். ஏரிஸிடம் போய் வயலையும் மந்தையையும் காக்கச் சொல்லும் கிரேக்க உழவரை என்னால் நினைத்துப் பார்க்க முடியவில்லை. மார்ஸும் போர்க்கடவுள்தான், ஆனால் அவர் எல்லையில் நின்று காப்பவர், எதிரியைப் போலவே பூச்சியையும் பிணியையும் தடுப்பவர். இருவரையும் ஒரே வரியில் எழுதும் பட்டியல் இந்த உழவரை முழுக்க மறைத்துவிடுகிறது.

அப்படியானால் பட்டியலில் உள்ள முதன்மையான பன்னிரண்டு தெய்வங்களின் இணைகள் எப்போது நிலைபெற்றன? ஒரே ஒரு நிகழ்ச்சியைச் சொல்ல வேண்டுமானால் நான் கி.மு. 217ஐச் சொல்வேன். அந்த ஆண்டு டிராசிமீன் ஏரிக்கரையில் கார்த்தேஜ் தளபதி ஹன்னிபால் விரித்த பொறியில் ரோமானியப் படை சிக்கி, கான்சல் என்னும் உயர் பதவியில் இருந்த ஃபிளமீனியஸும் ஏறத்தாழ 15,000 பேரும் மாண்டார்கள். நகரம் நடுங்கிப்போய், கிரேக்கச் செய்யுளில் எழுதப்பட்டிருந்த சிபிலின் ஏடுகள் என்னும் குறிசொல்லும் நூல்களைத் திறந்து பார்க்கச் சொன்னது. ஏடுகள் விதித்த பரிகாரங்களில் ஒன்று தெய்வங்களுக்கு விருந்து வைப்பது: சாய்ந்து உண்ணும் இருக்கைகளை வெளியே இட்டு, தெய்வங்களை அவற்றில் அமர்த்தி, மூன்று நாள் உணவு படைத்தார்கள். ரோமானிய வரலாற்றாசிரியர் லிவி இருக்கைகளை வரிசையாகக் குறிப்பிடுகிறார்: ஜூபிட்டருக்கும் ஜூனோவுக்கும் ஒன்று, நெப்டியூனுக்கும் மினர்வாவுக்கும் ஒன்று, மார்ஸுக்கும் வீனஸுக்கும் ஒன்று, அப்பல்லோவுக்கும் டயானாவுக்கும் ஒன்று, வல்கனுக்கும் வெஸ்டாவுக்கும் ஒன்று, மெர்குரிக்கும் தானியத் தெய்வமான செரஸுக்கும் ஒன்று.

இந்த வரிசையை நிதானமாகப் படித்தால் கிரேக்கமும் ரோமும் எப்படிப் பின்னியிருக்கின்றன என்பது தெரியும். பன்னிரண்டு என்ற எண்ணிக்கை கிரேக்கர்களுடையது. நெப்டியூனும் மினர்வாவும் ஒன்றாக உட்கார ரோமானிய மரபில் காரணம் ஏதும் இல்லை. ஏதென்ஸ் நகரம் யாருக்கு என்று அவர்களின் கிரேக்க இணைகளான பொசைடனும் அதீனாவும் போட்டியிட்ட கதை தெரிந்தால்தான் அது விளங்கும். அப்பல்லோவும் டயானாவும் உடன்பிறந்தவர்கள் என்பதும் கிரேக்கக் கதை. மார்ஸும் வீனஸும் அமர்ந்த இருக்கையோ இரு பக்கமும் பேசுகிறது: கிரேக்கக் கதையில் ஏரிஸும் அஃப்ரோடைட்டியும் அவள் கணவன் ஹெஃபெஸ்டஸிடம் கையும் களவுமாக அகப்பட்ட கள்ளக் காதலர்கள், ரோமில் ஒருவர் ரோமுலஸின் தந்தை, மற்றவர் ரோமானியர்கள் தம் மூதாதை என்று கருதிய டிராய் வீரன் ஈனியஸின் தாய். தோல்வியில் துவண்ட நகரம் தன் மூதாதையர் இருவரையும் பக்கத்தில் பக்கத்தில் அமர்த்தி விருந்து படைத்திருக்கிறது. வல்கன் வீனஸின் கணவராக அங்கே இல்லை. நெருப்பு என்ற பொதுமையால் வெஸ்டாவோடு அமர்ந்திருக்கிறார்.

இந்த வீனஸ் முதலில் தோட்டங்களோடு தொடர்புடைய சிறு தெய்வமாக இருந்ததாகத் தெரிகிறது. ஜூலியஸ் சீசரின் குடும்பம் தன்னை ஈனியஸின் வழித்தோன்றல் என்று சொல்லிக்கொண்டதால், கி.மு. 46இல் சீசர் அவளுக்குக் குலத்தாய் என்ற பெயரில் கோயிலே எழுப்பினார். காதல் தெய்வம் அரசியல் தெய்வமான வழி அது. நெப்டியூனின் விழா ஜூலை 23இல், இத்தாலியில் கோடை வறட்சி உச்சத்தில் இருக்கும்போது, மரக்கிளைகளால் வேய்ந்த நிழல் குடில்களில் நடந்தது. கடலைவிட நன்னீரோடுதான் அவருக்குத் தொடக்கத்தில் நெருக்கம் என்று அறிஞர்கள் கருதுவதற்கு அது ஒரு காரணம். சாட்டர்ன் தன் பிள்ளைகளை விழுங்கிய குரோனஸோடு இணைக்கப்பட்டாலும், ரோமில் அவர் கோயிலில்தான் அரசுக் கருவூலம் இருந்தது, டிசம்பர் 17இல் தொடங்கும் அவர் விழாவில்தான் அடிமைகளும் எசமானர்களும் கூடி உண்டு களித்தார்கள்.

உண்மையிலேயே அயலிலிருந்து அழைத்துவரப்பட்டவர்களும் உண்டு. கொள்ளைநோய் வந்தபோது கி.மு. 433இல் நேர்ந்துகொண்டு அப்பல்லோவுக்குக் கோயில் கட்டினார்கள். பெயரைக்கூட மாற்றவில்லை, ஆனால் நகரின் புனித எல்லைக்கு வெளியே, மருத்துவக் கடவுளாக வைத்தார்கள். மற்றொரு கொள்ளைநோயின்போது கிரேக்கத்தின் எபிடாரஸ் நகரிலிருந்து மருத்துவக் கடவுள் அஸ்கிலேப்பியஸின் பாம்பைக் கப்பலில் கொண்டுவந்தார்கள் என்றும், அது தானாக நீந்தி டைபர் ஆற்றுத் தீவில் ஏறியதால் அங்கேயே கி.மு. 291இல் கோயில் அமைந்தது என்றும் மரபு சொல்கிறது. செரஸின் கிரேக்கச் சடங்கைச் செய்ய நேப்பிள்ஸ், வேலியா ஆகிய கிரேக்க ஊர்களிலிருந்து பெண் பூசாரிகள் வந்தார்கள். அவர்களுக்கு ரோமானியக் குடியுரிமை வழங்கப்பட்டது. சடங்கறிவு அயலாருடையதாக இருந்தாலும், நகருக்காக வேண்டும் மனம் குடிமகளின் மனமாக இருக்க வேண்டும் என்பதே அதற்குக் காரணம் என்று ரோமானியச் சொற்பொழிவாளர் சிசரோ விளக்குகிறார். கடன் வாங்குவதில் ரோமானியர்கள் எவ்வளவு கவனமாக இருந்தார்கள் என்பதற்கு இதைவிடத் தெளிவான சொல் எனக்குத் தெரியாது. பலியிடும்போது மேலாடையால் தலையை மூடுவது ரோமானிய முறை. ஹெர்குலிஸ், சாட்டர்ன் போன்ற சிலருக்கு மட்டும் கிரேக்க முறைப்படி தலையைத் திறந்து வைத்துக்கொண்டு பலியிட்டார்கள். எது அயல் முறை என்பதை அவர்கள் மறக்கவும் இல்லை, மறைக்கவும் இல்லை.

பட்டியலில் இடமே கிடைக்காதவர் ஜேனஸ். வாயில்களுக்கும் தொடக்கங்களுக்கும் உரிய இரு முகக் கடவுளான அவருக்கு எந்த வழிபாட்டிலும் முதல் அழைப்பு உண்டு. உனக்கு இணையான தெய்வம் கிரேக்கத்தில் இல்லை என்று கவிஞர் ஓவிட் அவரிடமே சொல்கிறார்.

பிறகு ஏன் பட்டியல் இவ்வளவு சரியானதுபோலத் தோன்றுகிறது? நம் கைக்கு வந்த கதைகளில் பெரும்பாலானவற்றை லத்தீன் கவிஞர்கள், குறிப்பாக ஓவிட், கிரேக்கக் கதைகளை எடுத்து ரோமானியப் பெயர்களில் சொன்னார்கள். ஐரோப்பா பல நூற்றாண்டுகள் கிரேக்க மூலங்களைவிட லத்தீனையே அதிகம் படித்தது. ஆகவே ஓவியர்கள் வரைந்த வீனஸும் ஜூபிட்டரும் உள்ளே கிரேக்கர்கள், பெயரில் ரோமானியர்கள். அந்த ஓவியங்களைப் பார்க்கும்போது பட்டியலைத் தாராளமாகப் பயன்படுத்துங்கள். ரோமின் கோயில், விழா, நாட்காட்டி பற்றிப் படிக்கும்போது அதை ஓரமாக வைத்துவிடுங்கள்.

இப்படிக் கடவுள்களை இணைப்பது ரோமானியர்கள் கண்டுபிடித்த வழக்கமுமன்று. பாபிலோனியர்கள் மார்டுக்குக்கு உரியதாக வைத்திருந்த கோளைக் கிரேக்கர்கள் ஜீயஸுக்கும், இஷ்தாருடையதை அஃப்ரோடைட்டிக்கும் கொடுத்தார்கள். ரோமானியர்கள் அவற்றை ஜூபிட்டராகவும் வீனஸாகவும் ஆக்கினார்கள். கோள்களின் பெயரால் அமைந்த ஏழு நாள் வாரம் அந்தச் சோதிடத்தோடு இந்தியாவுக்கும் வந்ததால்தான், மெர்குரியின் நாளும் நம் புதன்கிழமையும், ஜூபிட்டரின் நாளும் நம் வியாழக்கிழமையும் ஒன்றாக இருக்கின்றன. அதற்காகப் பிருகஸ்பதியும் மார்டுக்கும் ஒருவரே என்று யாரும் சொல்வதில்லை.

ரோமானியர்கள் இதே முறையைத் தாம் வென்ற நாடுகளிலும் கையாண்டார்கள். கோல் (இன்றைய பிரான்ஸ் பகுதி) மக்கள் மெர்குரியைத்தான் அதிகம் வழிபடுகிறார்கள் என்று சீசர் எழுதுகிறார்; அந்த மக்கள் அக்கடவுளை எந்தப் பெயரால் அழைத்தார்கள் என்பதை அவர் குறிப்பிடவே இல்லை. ஆனால் பிரிட்டனில் பாத் நகரின் வெந்நீர் ஊற்றில் உள்ளூர்த் தெய்வமான சூலிஸ் தன் பெயரை இழக்கவில்லை. சூலிஸ் மினர்வா என்று இரட்டைப் பெயரோடு கோயில் கொண்டாள். அந்த ஊற்றிலிருந்து ஏறத்தாழ 130 ஈயத் தகடுகள் கிடைத்திருக்கின்றன. பலவும், என் மேலாடையைத் திருடியவன், என் காசைத் திருடியவன் என்று தொடங்கித் திருடனைத் தண்டிக்கும்படி அவளிடம் கொடுத்த முறையீடுகள். அவற்றில் பலர் மினர்வா என்ற பெயரைச் சேர்க்காமல் சூலிஸ் என்றே அவளை அழைத்திருக்கிறார்கள்.