கோலி உருளும் சத்தம்

வணக்கம் அக்கா,

சிங்கப்பூர் பீஷானில் மறுவிற்பனை வீடு வாங்கிக் குடிவந்து மூன்று மாதம் ஆகிறது. முன்பு இங்கே தனியாக இருந்த சீனப் பெரியவர் பின்னறையில் இறந்து, இரண்டு நாள் கழித்துத்தான் தெரிந்ததாம். வட்டாரமே ஒரு காலத்தில் இடுகாடு என்கிறார்கள். நள்ளிரவில் தலைக்கு மேல் கோலி உருள்கிறது. அந்த அறையைப் பூட்டியே வைத்திருக்கிறேன். கணவர், "அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய்" என்கிறார். விதிப்படி ஐந்து வருடத்துக்கு விற்கவும் முடியாது. என்ன செய்ய?

ச.

அன்புள்ள ச.,

பயந்து போனவரிடம் பழமொழி சொல்லக் கூடாது. பயத்தோடு வெட்கமும் சேர்ந்துவிடும். நான் சொன்னதாகவே உங்கள் வீட்டுக்காரரிடம் சொல்லுங்கள்.

கோலிச் சத்தம் வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி வீடுகளில் வளர்ந்த பலருக்கும் பழக்கம். மேலே யாராவது குழாயைச் சட்டென்று மூடினால், ஓடிவந்த தண்ணீர் முட்டிக் குழாய் அதிரும். பெரும்பாலும் அதுதான். இடுகாடு விஷயம் உண்மை. பெக் சான் தெங் என்ற சீன இடுகாட்டின் பெயர்தான் மாண்டரினில் பீஷான் ஆனது. கல்லறைகளைத் தோண்டி எடுத்த பிறகே 1980களில் அங்கே வீடுகள் எழும்பின.

இதெல்லாம் தெரிந்த எனக்கும் பயம் வந்தது. அப்பா இறந்த அறையை நாற்பது நாள் பூட்டி வைத்திருந்தேன். நாளாக ஆக, அந்தப் பக்கம் திரும்பவே கால் கூசியது. ஒரு நாள் சாயங்காலம், வெளிச்சம் இருக்கும்போதே கதவைத் திறந்து, வாசலில் நாற்காலி போட்டு வெங்காயம் உரித்தேன். நெஞ்சு படபடவென்று அடித்தது. எழுந்து ஓடவில்லை. கொஞ்ச நேரத்தில் தானாக அடங்கியது. மறுநாள் நாற்காலியை ஓரடி உள்ளே போட்டேன். அப்படியே ஒரு வாரத்தில் அலமாரி வரை போய்விட்டேன். திறந்ததும் கோடாலித் தைல வாசனை. மூடி சரியாகத் திருகாத குப்பி, அப்பா வைத்தபடியே. அங்கேயே உட்கார்ந்து அழுதேன். அதுவரை நான் அழவே இல்லை என்பது அப்போதுதான் உறைத்தது.

நீங்களும் அப்படித்தான் போக வேண்டும், அவசரமில்லாமல். தூக்கமே கெட்டுப் போனால் பலதுறை மருந்தகத்தில் டாக்டரிடம் தயங்காமல் சொல்லுங்கள்.

அப்புறம், சீனர்கள் இறந்தவர்களுக்குப் படைக்கும் ஏழாம் மாதத்தில் உங்கள் புளோக்கின் கீழே பாருங்கள். புல்வெளியில் சோறும் ஆரஞ்சும் வைக்கிறார்கள். கெத்தாய் என்ற பாட்டுக் கச்சேரி மேடைக்கு முன்னால் முதல் வரிசையை ஆவிகளுக்காகவே காலியாக விடுகிறார்கள். நாமும் ஆடி அமாவாசைக்குப் படைக்கிறவர்கள்தானே. பக்கத்து வீட்டில் அந்தப் பெரியவரைப் பற்றிக் கேளுங்கள். பெயர் என்ன, காலையில் எங்கே போய்க் கோப்பி குடிப்பார், கோப்பி ஓ-வா பால் கோப்பியா? தெரிந்ததும் ஒரு கோப்பை வாங்கி வந்து அந்த அறை வாசலில் வையுங்கள். முதல் நாளைக்கு அவ்வளவு போதும்.