ஜப்பானிய ஒளிப்பதிவாளர்களில் முதலில் யாருடைய படங்களைப் பார்க்கலாம்?

யோசிக்காமல் சொல்வேன், கசுவோ மியாகாவா. குரோசாவா, மிசோகுச்சி, ஓசு என்ற பெரிய இயக்குநர்கள் மூன்று பேருக்கும் படம் பிடித்துக் கொடுத்தவர், அதுவும் ஒருவருடையது போல இன்னொருவருடையது இருக்காது.

1908இல் கியோட்டோவில் பிறந்தவர். சின்ன வயதிலேயே மை ஓவியம் பழகினார், 1926இல் நிக்காட்சு ஸ்டூடியோவுக்குப் போய் பிலிம் கழுவும் லேபில் வேலைக்குச் சேர்ந்தார். கறுப்புக்கும் வெள்ளைக்கும் நடுவே இவர் படங்களில் இத்தனை சாம்பல் நிறங்கள் தெரிவதற்கு இந்த இரண்டு பழக்கமும்தான் காரணம் என்று நினைக்கிறேன்.

குரோசாவாவின் 'ராஷோமோன்' (1950) பார்த்தால் புரியும். சூரியனுக்கு நேராகக் கேமராவைத் திருப்பினால் பிலிம் பொசுங்கிவிடும் என்று பயந்த காலம் அது. இவர் திருப்பினார், இலைகளுக்கு நடுவே வெயில் விட்டுவிட்டுத் தெறிக்கிறது. அடர்ந்த காட்டுக்குள் வெளிச்சம் போதாதபோது கண்ணாடி வைத்து வெயிலைத் திருப்பி நடிகர்கள் மேல் அடித்தார்கள். நகர வாசல் காட்சியில் பெய்யும் மழை வெளிறிய வானத்தில் தெரியாமல் போகும் என்பதால் தண்ணீரில் கறுப்பு மையைக் கலந்தார்கள். கேமரா வேலைக்கு நூற்றுக்கு நூறு, இல்லை அதற்கும் மேலே என்று மதிப்பெண் போட்டதாகக் குரோசாவாவே எழுதியிருக்கிறார்.

ஆனால் எனக்கு அதைவிடப் பிடித்தது மிசோகுச்சியின் 'உகெட்சு' (1953), பெரும்பாலும் கேமராவைக் கிரேனில் வைத்து எடுத்தது. கடைசியில் குயவன் வீடு திரும்பும் ஷாட்டை மட்டும் நாலு தடவை ஓட்டிப் பாருங்கள். வீடு இருண்டு கிடக்கிறது, யாருமில்லை, அவன் பின்பக்கமாக வெளியே போய்ச் சுற்றி வருகிறான், கேமரா உள்ளேயே நின்று அவனோடு திரும்பி மறுபடி பழைய இடத்துக்கு வரும்போது அடுப்பு எரிகிறது, பக்கத்தில் மனைவி உட்கார்ந்திருக்கிறாள். நடுவில் வெட்டே கிடையாது.

இதே ஆள் ஓசுவிடம் போனதும் கேமராவை அசைக்காமல் வைத்தார். 'மிதக்கும் களைகள்' (1959) படத்தில் தெருவின் இரண்டு பக்கமும் கூரைக்கடியில் நின்றுகொண்டு ஓர் ஆணும் ஒரு பெண்ணும் சண்டை போடுகிறார்கள், நடுவே கொட்டும் மழை, அவள் கையில் சிவப்புக் குடை.

அடுத்த வருடமே இயக்குநர் இச்சிகாவா கோனின் 'ஒட்டோட்டோ', அதாவது 'தம்பி'. கலர் பிலிமைக் கழுவும்போது வெள்ளியை நீக்கும் கட்டம் ஒன்று உண்டு, அதைச் செய்யாமல் விட்டார். வெள்ளி பிலிமிலேயே தங்க, வண்ணம் மங்கி, கறுப்பு கெட்டியானது. இன்று பிளீச் பைபாஸ் என்று உலகமே செய்வது இதைத்தான்.

சரி, 'உகெட்சு'விலிருந்து ஆரம்பியுங்கள். யூடியூபில் கிடைக்கும் தேய்ந்த பிரதி வேண்டாம், சாம்பல் எல்லாம் ஒன்றாகக் குழம்பிப்போயிருக்கும், புதுப்பித்த பிரதியாகத் தேடிப் பாருங்கள்.