பள்ளியா, செஸ்ஸா: 14 வயதில் எதைப் பார்த்து முடிவெடுப்பது?

கேள்வி: மகளுக்கு 14 வயது. ஃபிடே (உலக செஸ் கூட்டமைப்பு) தரும் ரேட்டிங், அதாவது ஆட்டத்திறன் எண், போன வருடம் 1750, இப்போது 2050. பள்ளியை நிறுத்திவிட்டு முழுநேரமும் செஸ் ஆடப்போகிறேன் என்கிறாள். அவள் அப்பா "ஆடட்டும், விடு" என்கிறார். எனக்குத் தூக்கமே இல்லை. விட்டால் படிப்பு போய்விடுமோ, தடுத்தால் திறமை வீணாகிவிடுமோ?

பதில்: 2024 டிசம்பரில் சிங்கப்பூரில் உலகப் பட்டத்துக்காக எதிரெதிரே உட்கார்ந்த இருவரை எடுத்துக்கொள்ளுங்கள். குகேஷ் நான்காம் வகுப்போடு முழுநேரப் பள்ளியை நிறுத்தியவர். டிங் லிரென் பீக்கிங் பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்தவர். 14 ஆட்டங்கள் முடிந்தபோது குகேஷுக்கு 7.5–6.5 என வெற்றி, வித்தியாசம் ஒரே புள்ளி. இந்த மேட்சைக் காட்டி உங்கள் கணவரும் வாதாடலாம், நீங்களும் வாதாடலாம். அதனால் பெரிய ஆட்டக்காரர்களின் பள்ளிக் கதைகளைச் சற்று ஒதுக்கி வையுங்கள். குகேஷின் பெற்றோர் காட்டியது பெரிய துணிச்சல். அதே துணிச்சலைக் காட்டிக் கை சுட்டுக்கொண்ட வீடுகளின் கணக்கை யாரும் எழுதி வைப்பதில்லை.

பார்க்கவேண்டியது எண்களை. அதிலும் முதலில், போன வருடம் ஏறிய அந்த 300 புள்ளிகளை.

ரேட்டிங் எப்படி ஏறுகிறது என்றால், ஒரு ஆட்டத்தில் (வெற்றிக்கு 1 புள்ளி, டிராவுக்கு அரை) உங்கள் மகள் எடுக்கவேண்டியது எவ்வளவு என்று ஒரு எதிர்பார்ப்பு இருக்கும். தன்னைவிட 200 புள்ளி குறைந்தவரோடு ஆடினால் எதிர்பார்ப்பு சுமார் 0.76. வாங்கிய புள்ளிக்கும் எதிர்பார்ப்புக்கும் உள்ள வித்தியாசத்தை 'கே' என்ற எண்ணால் பெருக்குவார்கள். 18 வயதுக்கு உட்பட்டு, ரேட்டிங் 2300-க்குக் கீழே இருப்பவர்களுக்கு கே 40. 2300-ஐத் தாண்டினால் 20. ஒருமுறை 2400-ஐத் தொட்டுவிட்டால் 10, பிறகு இறங்கினாலும் 10-தான்.

இதை அவள் கணக்கில் போட்டுப் பாருங்கள். 300 புள்ளி ஏற வருடம் முழுக்க எதிர்பார்ப்பைவிட ஏழரைப் புள்ளி கூடுதலாக எடுத்தால் போதுமாயிருந்தது. அதே உழைப்பு, அதே ஆட்டம், ஆனால் கே 20 என்றால் ஏற்றம் 150. கே 10 என்றால் 75. "வருடத்துக்கு 300 வீதம் போனால் 16 வயதில் கிராண்ட்மாஸ்டர்" என்று வீட்டில் யாராவது நேர்கோடு போட்டிருந்தால் அதை அழித்துவிடுங்கள். 2300-க்கு மேல் பல பிள்ளைகள் தேங்கி நிற்பதுபோலத் தெரிவதற்கு ஒரு பாதிக் காரணம் இந்தக் கணக்குதான். பெற்றோர் அதைச் சோம்பல் என்று நினைத்துக்கொண்டு, பயிற்சியாளரை மாற்றுவார்கள், டோர்னமென்ட்டைக் கூட்டுவார்கள், உள்ளதும் கெடும்.

இன்னொன்று. 2024 மார்ச்சில் ஃபிடே, 2000-க்குக் கீழே இருந்த எல்லோருடைய ரேட்டிங்கையும் ஒரேயடியாக உயர்த்தியது: 2000-க்கு எவ்வளவு குறைகிறதோ அதில் 40 சதவீதம். 1500 இருந்தவர் ஒரே நாளில் 1700 ஆனார். அதற்கு முந்தைய எண்களோடு ஒப்பிட்டு வளர்ச்சி பார்க்காதீர்கள்.

அடுத்து, பட்டங்கள். 2100-ஐத் தொட்டதும் அவளுக்கு மகளிர் ஃபிடே மாஸ்டர் கிடைக்கும். 2300-இல் ஃபிடே மாஸ்டர். இவற்றுக்கு ரேட்டிங் போதும். அதற்கு மேலே நார்ம் வேண்டும், அதாவது ஒரு டோர்னமென்ட் முழுக்க அந்தப் பட்டத்தின் தரத்தில் ஆடியதற்கான சான்று. இன்டர்நேஷனல் மாஸ்டருக்கு 2400 ரேட்டிங்கும் நார்ம்களும், கிராண்ட்மாஸ்டருக்கு 2500 ரேட்டிங்கும், குறைந்தது 27 ஆட்டங்களை உள்ளடக்கிய நார்ம்களும். ஒரு கிராண்ட்மாஸ்டர் நார்ம் என்பது 2600 தரத்தில் ஆடுவது. எதிராளிகளின் சராசரி 2380 என்றால் 9 சுற்றில் 7 புள்ளி. சராசரி 2475 என்றால் 6 புள்ளி போதும். அந்த எதிராளிகளில் குறைந்தது மூன்று பேர் கிராண்ட்மாஸ்டர்களாக இருக்கவேண்டும். பொதுவாக வேறு இரண்டு நாட்டு ஆட்டக்காரர்களாவது இருக்கவேண்டும். செலவு எகிறுவது இங்கேதான். நுழைவுக் கட்டணம் சிறியது. பயணம், தங்குமிடம், கூட வரும் ஒருவர், இவைதான் பெரியவை. 2250-இல் இருக்கும் பிள்ளையை நார்ம் டோர்னமென்ட்டுகளுக்கு அலையவைப்பது வீண்செலவு என்பது என் கருத்து. நார்ம் காலாவதியாகாது, உண்மை; ஆனால் 2500 இல்லாமல் நார்ம் மட்டும் கையில் இருந்தால் பட்டம் வராது.

மகளிர் பட்டங்களை வழியில் வரும் ஸ்டேஷனாகப் பார்க்கச் சொல்லுங்கள், கடைசி ஸ்டேஷனாக அல்ல. ஹங்கேரியின் ஜூடித் போல்கர் 1991-இல் 15 வயதில் கிராண்ட்மாஸ்டர் ஆனார், அதுவரை பாபி ஃபிஷரிடம் இருந்த வயதுச் சாதனையை முறியடித்து. அவருடைய உச்ச ரேட்டிங் 2735, உலகத் தரவரிசையில் எட்டாம் இடம். போல்கர் சகோதரிகள் பள்ளிக்குப் போகவில்லை என்று உங்கள் கணவர் சொல்லக்கூடும். சரிதான், ஆனால் அப்பாவும் அம்மாவும் ஆசிரியர்கள்; வீட்டிலேயே முறையாகப் பாடம் நடந்தது. பள்ளியை விடுவது வேறு, படிப்பை விடுவது வேறு.

பிழைப்புக்கு வருவோம். பரிசுப் பணத்தில் மட்டுமே நிம்மதியாக வாழ்வது உலகத் தரவரிசையின் உச்சியில் இருக்கும் சில டஜன் பேர். மற்ற கிராண்ட்மாஸ்டர்கள் பயிற்சி, அணி லீக் ஆட்டங்கள், எழுத்து, வர்ணனை, ஓப்பனிங் (ஆட்டத் தொடக்கம்) வீடியோக்கள் என்று கலந்து ஓட்டுகிறார்கள். இதைக் கேவலமாக நினைக்கவேண்டாம். மார்க் த்வோரெத்ஸ்கி கிராண்ட்மாஸ்டர் ஆகவே இல்லை, இன்டர்நேஷனல் மாஸ்டரோடு நின்றார். உலகின் மிகச் சிறந்த பயிற்சியாளர்களில் ஒருவராக அறியப்பட்டார். பீட்டர் ஹைனே நீல்சன் ஆனந்துக்கும் பிறகு கார்ல்சனுக்கும் 'செகண்ட்' ஆக, அதாவது மேட்சுக்குத் தயார்செய்யும் துணையாக, வேலை பார்த்தவர். லெவி ரோஸ்மன் இன்டர்நேஷனல் மாஸ்டர். யூடியூபில் அவரைப் பார்ப்பவர்கள் அளவுக்குப் பல கிராண்ட்மாஸ்டர்களுக்குக் கிடையாது. இந்த மூன்று வேலைக்கும் மூன்று வேறு திறமை: விளக்குவது, ஆராய்வது, பேசுவது. உங்கள் மகள் தோற்ற ஆட்டத்தைத் தன்னைவிடச் சின்னப் பிள்ளைக்கு விளக்கும்போது கவனியுங்கள். அலுத்துக்கொள்கிறாளா, உற்சாகமாகிறாளா? அதில் நிறையத் தெரியும்.

படித்தவர்களின் பட்டியலும் சிறியதல்ல. போத்வின்னிக் மின்பொறியியலில் முனைவர், மூன்று முறை உலகப் பட்டம் வென்றவர். மாக்ஸ் ஒய்வே கணித ஆசிரியர். 1935-இல் அலெகினை வென்று உலகச் சாம்பியன் ஆனார். ஹூ யிஃபான் 14 வயதில் கிராண்ட்மாஸ்டர், 16 வயதில் மகளிர் உலகச் சாம்பியன், பிறகு ஆக்ஸ்ஃபோர்டில் ரோட்ஸ் உதவித்தொகையில் படித்து, 2020-இல் ஷென்ஷென் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் ஆனவர். கென்னத் ரோகாஃப் 1978-இல் கிராண்ட்மாஸ்டர், பின்னாளில் சர்வதேச நாணய நிதியத்தின் (ஐ.எம்.எஃப்) தலைமைப் பொருளாதார அறிஞராக இருந்தவர். டெமிஸ் ஹசாபிஸ் 13 வயதிலேயே 2300 ரேட்டிங் வைத்திருந்தார். செஸ்ஸை விட்டுக் கணினிப் பக்கம் போனவருக்கு 2024-இல் வேதியியல் நோபல். நம் ஆனந்தே கிராண்ட்மாஸ்டர் ஆனபோது வணிகவியல் படித்துக்கொண்டிருந்தவர்தான். இருந்தாலும் ஒரு எச்சரிக்கை: 18 வயதில் கிராண்ட்மாஸ்டர் ஆவது 1988-இல் முன்னணி, இன்று உச்சியைக் குறிவைப்பவருக்கு அது தாமதம். அவருடைய கால அட்டவணையை அப்படியே உங்கள் மகளுக்குப் போடமுடியாது.

"விட்டால் திரும்ப வரமுடியாது" என்ற பயத்துக்கு அமெரிக்க ஆட்டக்காரர் காட்டா கம்ஸ்கியைச் சொல்லலாம். 1996-இல் கார்போவிடம் உலகப் பட்ட மேட்சில் தோற்று, ஒதுங்கிக் கல்லூரிக்குப் போனார். 2004-இல் திரும்பினார். 2007 உலகக் கோப்பை அவருக்கு. எல்லோருக்கும் இது நடக்கும் என்று சொல்லவில்லை. கதவு பூட்டிக்கொள்வதில்லை என்று மட்டும் தெரிந்துகொள்ளுங்கள்.

இப்போது செய்யவேண்டியது. 2050 ரேட்டிங்கில் பள்ளியை நிறுத்த வேண்டாம். இந்த நிலையில் அவளுக்குத் தேவை நாளைக்கு மூன்று மணி நேர ஒழுங்கான உழைப்பு. அது பள்ளியோடு சேர்ந்தே முடியும். பள்ளியிடம் விடுப்புச் சலுகை கேளுங்கள், டோர்னமென்ட் அட்டவணையை ஆண்டுத் தொடக்கத்திலேயே எழுத்தில் கொடுத்து. தேர்வுக்கு முந்தைய ஆறு வாரம் வெளியூர் ஆட்டம் இல்லை என்று நீங்களும் எழுதிக் கொடுங்கள், பேரம் சுலபமாகும்.

ஒரு நோட்டு வாங்கிக் கொடுங்கள். அடுத்த 30 கிளாசிக்கல் (நீண்ட நேர) ஆட்டங்களில் தோல்விகளையும், ஜெயித்திருக்கவேண்டிய டிராக்களையும் எழுதட்டும்: எத்தனையாவது நகர்த்தலில் கெட்டது, அப்போது கடிகாரத்தில் எவ்வளவு நேரம் மிச்சம், தவறு எந்த வகை. இஞ்சினை, அதாவது ஆட்டத்தை அலசும் கணினி நிரலை, திறக்கும் முன்பே எழுதவேண்டும், இது முக்கியம். பார்த்துவிட்டு எழுதினால் தன் யோசனை எங்கே தடுமாறியது என்பது மறைந்து, இஞ்சின் சொன்ன நகர்த்தல்தான் நோட்டில் இருக்கும். பாதிக்கு மேல் தவறுகள் ஐந்து நிமிடத்துக்குக் குறைவாக இருக்கும்போது நடந்திருந்தால், கூடுதல் ஓப்பனிங் பாடம் வாங்குவது பணத்துக்குக் கேடு. அவள் நேரத்தை எங்கே செலவழிக்கிறாள் என்பதே பிரச்சினை. என்ட்கேமில், அதாவது காய்கள் குறைந்த கடைசிக் கட்டத்தில், கெட்டால் ரூக் என்ட்கேமிலிருந்து ஆரம்பிக்கலாம். இணையத்தில் இரவு பிளிட்ஸ் (சில நிமிட அதிவேக ஆட்டம்) ஆடுவதைப் பயிற்சி நேரத்தில் சேர்க்காதீர்கள்.

டோர்னமென்ட்டும் அளவோடு. ஒன்பது சுற்று ஆடினால் அவற்றை அலச இரண்டு வாரமாவது வேண்டும். ஒன்று முடிந்த மறுநாளே அடுத்தது என்றால் ஒரே தவறு ஊர் ஊராகப் பயணம் செய்யும்.

18 மாதம் கழித்து மீண்டும் உட்காருங்கள், மூவரும், அந்த நோட்டோடு. 2300-ஐத் தாண்டி, கே 20-இலும் ஏறிக்கொண்டிருந்தால் தொலைநிலைக் கல்விக்கு மாறுவதைப் பேசலாம். அப்போதும் பள்ளி இறுதித் தேர்வை எழுதியே ஆகவேண்டும். 2200 அருகே நின்றிருந்தால் பள்ளி தொடரட்டும், ஆட்டமும் தொடரட்டும். 2200-இல் இருக்கும் மாணவிக்கு, செஸ் அணிக்கு உதவித்தொகை தரும் சில பல்கலைக்கழகங்களை விசாரிப்பதில் அர்த்தம் இருக்கிறது. அங்கேயும் மதிப்பெண் கேட்பார்கள்.

இந்த எல்லைகளை இன்றே அவளிடம் சொல்லிவிடுங்கள். தோற்றுவிட்டு வரும் நாளில் சொன்னால் அது தண்டனையாகத்தான் காதில் விழும்.